காலநிலை மாற்றம் பற்றிய அறிவியல் நாவல்கள்: முதலில் எதை எடுப்பது?

"அக்கா, ஒரே ஒரு புத்தகம் சொல்லுங்க, லீவுல அதை மட்டும் படிச்சு முடிச்சிடறேன்." எங்கள் வாசிப்பு வட்டத்துக்கு வரும் முதலாமாண்டு மாணவி ஒருத்தி இப்படிக் கேட்டாள். காலநிலை மாற்றத்தை அறிவியல் புனைகதை எப்படிப் பார்க்கிறது என்று அவளுக்குத் தெரிய வேண்டும். தேடினால் ஐம்பது புத்தகப் பட்டியல்தான் வருகிறது, எல்லாமே கட்டாயம் படிக்க வேண்டியவை என்று போட்டிருக்கிறது, எதைத் தொடுவது என்றே தெரியவில்லை என்றாள். அவளுக்கு முன்பே ஒரு பள்ளி ஆசிரியரும், ஓய்வு பெற்ற பொறியாளர் ஒருவரும் இதையே கேட்டிருந்தார்கள். பொறியாளர் ரசித்துப் படித்த புத்தகத்தை அப்படியே ஆசிரியரிடம் கொடுத்தேன். முதல் அத்தியாயம் முடித்ததும் இரண்டு நாள் தூக்கம் வரவில்லை என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். எல்லோருக்கும் ஒரே புத்தகத்தை நீட்டுவது தப்பு என்று அப்போது புரிந்தது. அதனால் இந்தத் தடவை கொஞ்சம் நிதானமாக எழுதுகிறேன்.

நான்கு நாவல்களை எடுத்துக்கொள்கிறேன். ஜே. ஜி. பாலார்டின் 'தி டிரௌண்ட் வேர்ல்ட்', ஆக்டேவியா பட்லரின் 'பேரபிள் ஆஃப் தி சோவர்', பாவ்லோ பாசிகலூப்பியின் 'தி வைண்டப் கேர்ள்', கிம் ஸ்டான்லி ராபின்சனின் 'தி மினிஸ்ட்ரி ஃபார் தி ஃப்யூச்சர்'. நான்கையும் ஆங்கிலத்தில்தான் படித்தேன். கதையின் போக்கைச் சில இடங்களில் சொல்லியே ஆக வேண்டியிருக்கிறது, முடிவுகளை முடிந்தவரை தொடவில்லை.

## எதை வைத்து எடை போடுவது

முதலாவது, காரணம். உலகம் ஏன் இப்படி ஆனது என்று புத்தகம் சொல்கிறதா, சொன்னால் யாரைக் கைகாட்டுகிறது? இதைப் பலர் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை, ஆனால் புனைகதை வழியாகத்தான் ஒருவர் இந்த விஷயத்துக்குள் முதன்முதலாக வருகிறார் என்றால், தப்பான காரணம் மனசில் ரொம்ப நாள் தங்கிவிடும்.

இரண்டாவது, யாருடைய கண். கடல் ஏறினாலும் மழை பொய்த்தாலும் முதலில் அடிபடுபவர்கள் யார் என்பது நமக்குத் தெரியும். கதை அவர்கள் பக்கத்தில் நின்று பார்க்கிறதா, மேலிருந்து பார்க்கிறதா?

மூன்றாவது, மூடி வைத்த பிறகு கையில் என்ன மிச்சம். பயமா, புரிதலா, ஏதாவது செய்ய வேண்டும் என்ற துடிப்பா?

நான்காவது, விலை. கடையில் கொடுக்கும் காசைச் சொல்லவில்லை. எத்தனை வாரம் பிடிக்கும், ஆங்கிலம் எவ்வளவு கடினம், எந்த மாதிரி வன்முறையைத் தாங்க வேண்டியிருக்கும், இவற்றைத்தான் சொல்கிறேன். புத்தகத்தின் பின்னட்டையில் இது எதுவும் இருக்காது.

நிறைய பேர் கேட்கிற ஒன்றை நான் வேண்டுமென்றே விட்டுவிட்டேன்: 'முன்கூட்டியே சரியாகச் சொல்லியிருக்கிறதா?' பட்லரின் நாவலில் 2025 பிப்ரவரி 1 அன்று தெருவில் தீ விபத்து நடந்ததாக நாட்குறிப்பு இருக்கிறது. உண்மையில் 2025 ஜனவரியில் லாஸ் ஏஞ்சலஸ் பகுதி எரிந்தது, பட்லர் பிறந்த பாசடீனாவுக்கு ஒட்டினாற்போல் இருக்கும் ஆல்டடீனாவும் எரிந்தது. இதைச் சொல்லி ஆச்சரியப்பட்டவர்கள் ஏராளம். எனக்கும் மயிர்க்கூச்செறிந்தது. ஆனாலும் தேதி பொருந்தியதற்காக ஒரு நாவலைக் கையில் எடுப்பது ஜாதகம் பார்ப்பது போல. அவர் எதைக் கவனித்து அப்படி எழுதினார் என்பதுதான் நமக்கு உபயோகம்.

| | பாலார்ட் | பட்லர் | பாசிகலூப்பி | ராபின்சன் |
|---|---|---|---|---|
| வெளிவந்த ஆண்டு | 1962 | 1993 | 2009 | 2020 |
| எங்கே | நீரில் மூழ்கிய லண்டன் | கலிஃபோர்னியா | பாங்காக் | உத்தரப் பிரதேசம், சூரிச், அண்டார்டிகா |
| எப்போது | 2145 | 2024 முதல் 2027 | 23ஆம் நூற்றாண்டு | 2025 முதல் சில பத்தாண்டுகள் |
| காரணம் | சூரியன் | மனிதர்கள், விளக்கம் குறைவு | தீர்ந்துபோன எண்ணெய், ஏறிய கடல், விதை நிறுவனங்கள் | கரியமில வாயு, விளக்கமாக |
| படிக்கும் சிரமம் | நடை அடர்த்தி, பக்கம் குறைவு | எளிது | முதல் 100 பக்கம் கடினம் | நீளம் |
| வன்முறை | ஓரளவு | அதிகம் | மிக அதிகம் | தொடக்கத்தில் தாங்க முடியாத அளவு |

## பாலார்ட்: மூழ்கிய நகரத்தின் மயக்கம்

லண்டன் ஒரு வெப்பமண்டலக் காயலாகிவிட்டது. அலுவலகக் கட்டடங்களின் ஜன்னல்களில் உடும்பு மாதிரி பெரிய ஓணான்கள் உட்கார்ந்திருக்கின்றன. கெரன்ஸ் என்ற உயிரியலாளர் பழைய ஆடம்பர ஓட்டல் ஒன்றின் மேல்மாடியில் தங்கி, தண்ணீருக்கு மேலே மிச்சமிருக்கிற நகரத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். மிச்சமிருக்கும் மனிதர்கள் துருவப் பகுதிகளுக்குப் போய்விட்டார்கள், இவரையும் வடக்கே கூட்டிப்போக ராணுவம் காத்திருக்கிறது. அவருக்கோ போக மனமில்லை.

இந்த மனமின்மைதான் நாவல். வெயில் ஏற ஏற, மனிதன் உருவாகாத காலத்துச் சதுப்புநிலங்கள் கெரன்ஸின் கனவுகளில் வருகின்றன, அவருக்குள் ஏதோ ஒன்று அந்தக் காலத்துக்குத் திரும்பத் துடிக்கிறது. நடுவில் ஸ்ட்ராங்மேன் என்ற கொள்ளைக்காரன் வந்து காயலின் ஒரு பகுதியை இறைத்து வற்ற வைக்கிறான். பழைய தெருக்கள் சேறும் பாசியுமாக வெளியே வரும்போது கெரன்ஸுக்கு வருவது அருவருப்பு. நகரம் திரும்பக் கிடைத்ததே என்று அவர் சந்தோஷப்படவில்லை. பேரழிவு வந்தால் மனிதன் அதை எதிர்த்துப் போராடுவான் என்றே நாம் நினைக்கிறோம், ஆனால் அவன் அதற்குப் பழகிக்கூடப் போவான், பிறகு அதையே விரும்பவும் செய்வான் என்று சொன்ன ஆரம்ப நாவல்களில் இதுவும் ஒன்று. 2015 டிசம்பரில் சென்னைத் தெருக்களில் படகு போனதை முதல் நாள் அதிர்ச்சியோடு பார்த்தவர்கள், மூன்றாம் நாள் பால் பாக்கெட் வாங்க அந்தப் படகுக்காகக் காத்து நின்றதை நினைத்தால், பாலார்ட் சொல்வது அவ்வளவு தூரத்து விஷயமாகத் தெரியவில்லை.

சரி, மறைந்திருக்கும் விலைக்கு வருவோம். இதில் பூமி சூடாவதற்குக் காரணம் சூரியன். நீண்ட காலம் வீசிய சூரியப் புயல்கள் மேல் வளிமண்டலத்தைச் சிதைத்து, வெப்பம் ஏறி, பனிப்பாறைகள் உருகின என்கிறார். 1962இல் அப்படி எழுதியதில் குற்றமில்லை. ஹவாயின் மௌனா லோவா மலையில் சார்லஸ் கீலிங் கரியமில வாயுவைத் தொடர்ச்சியாக அளக்க ஆரம்பித்ததே 1958இல்தான், நாவல் வந்தபோது அவர் கையில் இருந்தது நான்கு வருடக் கணக்கு. ஆனால் இன்று 'எல்லாம் சூரியனால் வருவது, நாம் என்ன செய்ய முடியும்' என்று சொல்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். 1970களின் கடைசியிலிருந்து செயற்கைக்கோள்கள் சூரியனின் ஆற்றலை அளந்துகொண்டிருக்கின்றன. அது ஏறிக்கொண்டே போகவில்லை, பூமியின் வெப்பம்தான் ஏறியிருக்கிறது. இந்த விவரம் தெரியாத ஒருவரிடம் இந்த நாவலை முதல் புத்தகமாகக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. இன்னொன்றும் இருக்கிறது: ஸ்ட்ராங்மேனின் கறுப்பினக் கூட்டாளிகளை விவரிக்கும் விதம் காலனிக் காலத்து இழிவான பார்வை, கதையில் வரும் ஒரே பெண்ணுக்கும் பெரிதாக வேலை கிடையாது.

பாலார்டைத்தான் படிக்க வேண்டும் என்று ஆசைப்படுபவர்களுக்கு ஒரு மாற்று சொல்கிறேன். 1964இல் வந்த அவருடைய வறட்சி நாவலான 'தி பர்னிங் வேர்ல்ட்'இல், தொழிற்சாலைக் கழிவுகள் கடல் மேல் மெல்லிய படலமாகப் படிந்து, நீர் ஆவியாக முடியாமல், மழையே நின்றுபோகிறது. அங்கே குற்றவாளி மனிதன்தான்.

யாருக்கு ஏற்றது: அறிவியல் பின்னணி ஏற்கெனவே தெரிந்தவர்களுக்கு, கவிதை எழுதுபவர்களுக்கு, மொழிக்காகப் படிப்பவர்களுக்கு. பக்கம் குறைவு, ஆனால் வேகமாகப் படிக்க முடியாது.

## பட்லர்: தண்ணீர் விலை ஏறிய ஊர்

என்னுடைய சாய்வை மறைக்கவில்லை. நான்கில் எனக்கு மிக நெருக்கமானது இது.

லாரன் ஒலமினா என்ற பதினைந்து வயதுக் கறுப்பினப் பெண்ணின் நாட்குறிப்பு 2024 ஜூலையில் தொடங்குகிறது. லாஸ் ஏஞ்சலஸுக்குப் பக்கத்தில் மதில் எழுப்பிய ஒரு சின்னக் குடியிருப்பு, உள்ளே ஒன்றிரண்டு வேலை உள்ள குடும்பங்கள், வெளியே வீடற்றவர்களும் கொள்ளைக்காரர்களும். ஆறு வருடமாகப் பெய்யாத மழை பெய்தபோது அவள் அதில் நனைந்துகொண்டு நிற்கிறாள். பெட்ரோலைவிடத் தண்ணீர் விலை பல மடங்கு. தண்ணீர் விற்பவன் தெருவில் வருகிறான், அவனை யாராவது கொன்றுவிட்டுத் தண்ணீரை எடுத்துக்கொள்வது சாதாரணம்.

காலநிலை மாற்றம் இதில் ஒரு நாளும் 'நடப்பதில்லை'. சுனாமி மாதிரி ஒரு அலை வந்து ஊரைச் சுருட்டிக்கொண்டு போவதில்லை. விலை ஏறுகிறது, வேலை போகிறது, போலீஸை அழைத்தால் காசு கேட்கிறார்கள், கடலோர ஊர் ஒன்றை ஒரு நிறுவனம் வாங்கி, பாதுகாப்பும் வேலையும் தருகிறேன் என்று சொல்லி ஆட்களைக் கடனில் மாட்டிக் கொத்தடிமையாக்குகிறது. இந்த இடத்தில்தான் பட்லர் மற்ற மூவரையும் தாண்டிப் போகிறார் என்று நினைக்கிறேன். வெப்பமானியைப் பார்த்து யாரும் காலநிலை மாற்றத்தைத் தெரிந்துகொள்வதில்லை, மளிகைக் கடையிலும் தண்ணீர்க் குழாயடியிலும்தான் அது நமக்கு வந்து சேர்கிறது. 2019 கோடையில் பூண்டி, சோழவரம், புழல், செம்பரம்பாக்கம் நான்கு ஏரியும் வறண்டு, ஜூலையில் ஜோலார்பேட்டையிலிருந்து சென்னைக்கு ரயிலில் தண்ணீர் வந்தது நினைவிருக்கும். அந்த மாதங்களில் எங்கள் தெருவில் எல்லோரும் பேசியது லாரித் தண்ணீர் எப்போது வரும், எவ்வளவு கேட்பான் என்பதைப் பற்றித்தான். பருவமழையைப் பற்றி யாரும் பேசியதாக நினைவில்லை. பட்லரைப் படித்தபோது அந்தக் குரல்கள் எல்லாம் திரும்பக் கேட்டன.

லாரனுக்கு அடுத்தவர் வலி தன் உடம்பிலேயே தெரியும், பிறவியிலேயே வந்த கோளாறு அது. வன்முறை மலிந்த ஊரில் இப்படி ஒரு உடம்போடு உயிர் வாழ்வது எப்படி என்பது கதைக்கு ஒரு பெரிய இறுக்கத்தைத் தருகிறது. அவள் புத்தகம் தேடித் தேடி எந்தச் செடியைத் தின்னலாம், காயத்துக்கு எதைக் கட்டலாம் என்று படித்து வைக்கிறாள், அவசரத்துக்கு ஒரு பை கட்டி வைக்கிறாள், அதில் விதைகளையும் போடுகிறாள். 2027இல் குடியிருப்பு எரிந்ததும் வடக்கு நோக்கி நெடுஞ்சாலையில் நடக்க ஆரம்பிக்கிறாள், வழியில் ஒவ்வொருவராகச் சேர்கிறார்கள். மாற்றம்தான் கடவுள், அதை நாமும் செதுக்கலாம் என்ற ஒரு நம்பிக்கையை அவள் தனக்காக உருவாக்குகிறாள்.

விலை? இதில் கொலை, வன்புணர்வு, குழந்தைகளின் சாவு எல்லாம் வருகிறது, எதையும் ஓரமாகத் தள்ளி வைத்துச் சொல்வதில்லை. பதினெட்டு வயது லாரனுக்கும் ஐம்பதைக் கடந்த ஒரு மருத்துவருக்கும் உறவு ஏற்படுகிறது, அதைப் படிக்க எனக்குச் சங்கடமாக இருந்தது, பள்ளி மாணவர்களுக்குக் கொடுப்பதற்கு முன்னால் யோசிக்க வேண்டிய விஷயம். அப்புறம், அறிவியல் விளக்கம் என்று பார்த்தால் மிகக் குறைவு. புவி ஏன் சூடாகிறது என்று தெரியாதவர் படித்து முடித்த பிறகும் தெரியாமலே இருக்கலாம். அதற்குப் பக்கத்தில் ஒரு நல்ல அறிவியல் கட்டுரையை வைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

யாருக்கு ஏற்றது: நாட்குறிப்பு நடை என்பதால் ஆங்கிலம் மிக எளிது, ஆங்கில நாவல் படித்துப் பழக்கமில்லாதவர்கள்கூட ஒரு வாரத்தில் முடிக்கலாம். இந்தத் தலைப்புக்குள் புதிதாக நுழைபவர்களுக்கு, 'நான் என்ன செய்வேன்' என்று கேட்பவர்களுக்கு இதுதான். 1998இல் வந்த இரண்டாம் பாகம் இன்னும் இருட்டு, ஒரே மூச்சில் இரண்டையும் எடுக்க வேண்டாம்.

## பாசிகலூப்பி: விதை யார் கையில்

எண்ணெய் தீர்ந்துவிட்டது. இயந்திரங்கள் ஓடுவது சுருள்வில்லில் முறுக்கி அடைத்த சக்தியில், அந்தச் சுருளை முறுக்குவது மரபணு மாற்றி உருவாக்கிய ராட்சத யானைகள், அந்த யானைகளுக்குத் தீனி வேண்டும், ஆகவே கடைசியில் எல்லாக் கணக்கும் உணவின் கலோரியில்தான் வந்து நிற்கிறது. இந்த ஒரு யோசனைக்காகவே இந்த நாவலைப் படிக்கலாம். நாம் பெட்ரோலை எரிக்கும்போது எவ்வளவு உழைப்பை எரிக்கிறோம் என்று இவ்வளவு தெளிவாக எனக்கு வேறு எந்தப் பாடப் புத்தகமும் காட்டவில்லை.

பாங்காக் கடல் மட்டத்துக்குக் கீழே போய்விட்டது, சுவர்களும் பம்புகளும்தான் நகரத்தைக் காப்பாற்றுகின்றன. (நிஜ பாங்காக்கும் மெத்தென்ற களிமண் மேல் உட்கார்ந்திருக்கும் ஊர், நிலத்தடி நீரை உறிஞ்சியதால் பல வருடங்கள் இறங்கிக்கொண்டே இருந்த ஊர்.) பயிர்களைப் புதுப்புது நோய்கள் தின்கின்றன, உலகத்தின் சாப்பாடு மறுபடி முளைக்காத விதை விற்கும் சில நிறுவனங்களின் பிடியில் இருக்கிறது. தாய்லாந்து மட்டும் தன் விதைக் கிடங்கைக் காப்பாற்றி வைத்திருப்பதால் தலை நிமிர்ந்து நிற்கிறது. அந்தக் கிடங்கை எப்படியாவது தொட்டுவிட வேண்டும் என்று ஒரு அமெரிக்கன் மாறுவேடத்தில் வந்திருக்கிறான். சந்தையில் திடீரென்று ஒரு பழைய பழம் விற்பனைக்கு வருவதை அவன் பார்க்கும் தொடக்கக் காட்சி பிரமாதம்.

நெல் ஜெயராமன் ஊர் ஊராக அலைந்து பாரம்பரிய நெல் வகைகளை மீட்டதும், நம்மாழ்வார் விதை உரிமையைப் பற்றி மேடை மேடையாகப் பேசியதும் தெரிந்த தமிழ் வாசகருக்கு இந்தக் கதையின் நரம்பு உடனே பிடிபடும். வேறு ஊர் வாசகர் இதை ஒரு விநோதக் கற்பனை என்று படிக்கக்கூடும், நமக்கு விதை நெல்லைக் குதிரில் தனியாக எடுத்து வைத்த வீடுகள் இன்னும் ஞாபகத்தில் இருக்கின்றன.

நாவலில் எனக்குப் பிடித்த ஆள் ஹாக் செங். மலேயாவில் தன் குடும்பம் முழுவதையும் இனப்படுகொலையில் இழந்து, உயிர் தப்பி வந்த சீன முதியவர். ஒரு காலத்தில் கப்பல் கம்பெனி முதலாளி, இப்போது அகதி அட்டையோடு யாரோ ஒருவருக்குக் கணக்கு எழுதுகிறார். மறுபடி எப்போது துரத்துவார்கள் என்று ஒவ்வொரு நிமிடமும் காதைத் தீட்டி வைத்துக்கொண்டிருக்கும் அந்த மனசை எழுதிய பக்கங்கள் உண்மையானவை.

விலைதான் அதிகம். நாவலின் பெயருக்குரிய எமிகோ செயற்கையாக உருவாக்கப்பட்ட பெண். ஒரு விடுதியில் அவளுக்கு நடக்கும் பாலியல் கொடுமைகளை விலாவாரியாக எழுதியிருக்கிறார், இரண்டாவது முறை அந்தப் பக்கங்களை நான் தாண்டிப் போய்விட்டேன், கதை புரிவதற்கு அவ்வளவு விவரம் தேவைப்படவே இல்லை. தாய்லாந்தை வெளியாள் ஒருவர் வேடிக்கை பார்க்கும் தொனி பல இடங்களில் இருக்கிறது. புதிதாக உருவாக்கிய சொற்களும் தாய்ச் சொற்களும் விளக்கமே இல்லாமல் வந்துகொண்டிருக்கும், முதல் நூறு பக்கம் பொறுமை வேண்டும். அறிவியல் புனைகதைக்கான பெரிய விருதுகளான ஹியூகோ, நெபுலா இரண்டும் வாங்கிய நாவல் என்பதால் கண்ணை மூடிக்கொண்டு வாங்கி, பாதியில் விட்டவர்கள் எனக்குத் தெரிந்தே மூன்று பேர்.

யாருக்கு ஏற்றது: அறிவியல் புனைகதை படித்துப் பழகியவர்களுக்கு. உணவு, விவசாயம், கம்பெனி அதிகாரம் பற்றிக் கவலைப்படுபவர்களுக்கு.

## ராபின்சன்: செய்ய முடியும் என்று கணக்குப் போடுபவர்

இதுதான் முதலில் சொன்ன பள்ளி ஆசிரியரின் தூக்கத்தைக் கெடுத்த புத்தகம்.

உத்தரப் பிரதேசத்தில் ஒரு சிறு நகரம். வெப்ப அலை. மின்சாரம் போய்விட்டது. ஃபிராங்க் என்ற அமெரிக்கத் தொண்டு ஊழியர் மருத்துவமனைக்குள் ஆட்களைச் சேர்த்து ஒரே ஒரு ஏசியை ஜெனரேட்டரில் ஓட்டப் பார்க்கிறார், அதையும் துப்பாக்கி காட்டிப் பிடுங்கிக்கொண்டு போகிறார்கள். ஊரே ஏரிக்குள் இறங்குகிறது. ஏரித் தண்ணீர் உடம்பைவிடச் சூடாக இருக்கிறது. காலையில் ஃபிராங்க் மட்டும் உயிரோடு. அந்த வெப்ப அலையில் இறந்தவர்கள் இரண்டு கோடிப் பேர்.

இதில் இருக்கும் அறிவியலை ஒரு நிமிடம் பார்த்துவிடலாம், ஏனென்றால் கடற்கரை ஊர்களில் இருக்கும் நமக்கு இது மிக முக்கியம். மண்பானையில் தண்ணீர் ஏன் குளிர்கிறது? பானையில் கசியும் ஈரம் ஆவியாகும்போது சூட்டை எடுத்துக்கொண்டு போகிறது. நம் உடம்பும் வியர்வையால் அதையேதான் செய்கிறது. காற்றிலேயே ஈரம் நிறைந்திருந்தால் வியர்வை காயாது, அதைத்தான் புழுக்கம் என்கிறோம். வெப்பமானியின் நுனியில் ஈரத்துணி சுற்றி அளப்பதை ஈரக்குமிழ் வெப்பநிலை என்பார்கள். அது 35 டிகிரியைத் தொட்டு ஆறு மணி நேரம் அப்படியே நின்றால், நிழலில் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருக்கும் ஆரோக்கியமான ஆள்கூடப் பிழைக்க முடியாது என்று 2010இல் ஒரு ஆய்வு சொன்னது. பிறகு பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் இளைஞர்களை வைத்துச் செய்த சோதனைகளில் அந்த எல்லை இன்னும் கீழே, ஏறக்குறைய 31இலேயே இருக்கிறது என்று தெரிந்தது. பாகிஸ்தானின் ஜாகோபாபாத் போன்ற சில இடங்களில் 35ஐத் தாண்டிய கொஞ்ச நேரப் பதிவுகள் ஏற்கெனவே உண்டு. ராபின்சனின் முதல் அத்தியாயம் கற்பனைதான், அதற்கு அடியில் இருக்கும் கணக்கு கற்பனை கிடையாது.

அதற்குப் பிறகு நாவல் முற்றிலும் வேறு பாதையில் போகிறது. பாரிஸ் ஒப்பந்தத்தின் கீழ் சூரிச்சில் ஒரு அமைப்பு, அதன் தலைவர் அயர்லாந்துக்காரரான மேரி மர்ஃபி. இந்தியா யாரையும் கேட்காமல் விமானங்களில் ஏறி வானத்தின் மேலடுக்கில் கந்தகத் துகளைத் தூவுகிறது. 1991இல் பிலிப்பைன்ஸின் பினாடுபோ எரிமலை வெடித்தபோது உலகம் ஓரிரு வருடம் ஏறக்குறைய அரை டிகிரி குளிர்ந்தது, அதையே செயற்கையாகச் செய்து பார்க்கும் முயற்சி. அண்டார்டிகாவில் பனிப்பாறை வழுக்கிக் கடலில் விழாமல் இருக்க அடியில் இருக்கும் நீரை உறிஞ்சுகிறார்கள். மத்திய வங்கிகள் சேர்ந்து, ஒரு டன் கரியமில வாயுவைக் காற்றில் விடாமல் தடுத்தால் ஒரு நாணயம் என்று புதுப் பணம் வெளியிடுகின்றன. கேரளத்தின் உள்ளாட்சியும் சிக்கிமின் இயற்கை விவசாயமும் முன்மாதிரியாக வந்துபோகின்றன. உலகம் அழிவதை எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள், அதைத் தடுக்கும் அலுப்பான கூட்டங்களையும் வாக்கெடுப்புகளையும் வட்டி விகிதங்களையும் நாவலாக எழுத ஒருவருக்குத் தைரியம் வந்ததே என்று எனக்கு அவர் மேல் பெரிய மரியாதை.

ஆனால் 106 அத்தியாயங்கள். பாதிக்கு மேல் கட்டுரை, கூட்டக் குறிப்பு, விடுகதை மாதிரியான ஒன்றரைப் பக்கங்கள், கரிம அணு தானே பேசுவது என்று கலவையாக இருக்கும். கதைமாந்தரோடு ஒட்டிக்கொண்டு படிக்க விரும்புபவர்கள் நாற்பதாவது அத்தியாயத்தில் களைத்துப்போவார்கள். பயணிகள் விமானங்களை ஒரு தலைமறைவுக் குழு வீழ்த்துகிறது, அதன் பிறகு மக்கள் விமானத்தில் ஏறுவது குறைந்து உமிழ்வும் குறைகிறது. இந்தக் கொலைகளை எப்படி எடுத்துக்கொள்வது என்று நாவல் நம்மிடமே விட்டுவிடுகிறது, எனக்கு அது போதவில்லை. எல்லாவற்றையும்விட என்னை உறுத்துவது இரண்டாவது அளவுகோல், யாருடைய கண் என்பது: இரண்டு கோடி இந்தியர்கள் பெயர் தெரியாமல் முதல் அத்தியாயத்தில் செத்துப்போகிறார்கள், அதற்கப்புறம் நாம் யாரோடு நடக்கிறோம் என்றால் ஒரு அமெரிக்கரோடும் ஒரு ஐரோப்பியரோடும். அந்த ஏரியிலிருந்து ஒரு உள்ளூர்ப் பெண் எழுந்து வந்திருந்தால் புத்தகமே வேறாகியிருக்கும்.

யாருக்கு ஏற்றது: பொறியாளர்கள், பொருளாதாரம் படிப்பவர்கள், போட்டித் தேர்வுக்குத் தயாராகிறவர்கள், 'இனிமேல் ஒன்றும் செய்ய முடியாது' என்று சோர்ந்துபோனவர்கள். முதல் அத்தியாயத்தைத் தனியாக, ராத்திரியில் படிக்காதீர்கள். கோடையில் கரன்ட் போன நாளில் வேண்டவே வேண்டாம்.

## அப்படியானால் யார் எதை எடுப்பது

ஒரு நாவல்தான் படிப்பேன் என்றால் பட்லர். யோசிக்காமல் சொல்வேன். காரணத்தை விளக்குவதில் அது பின்தங்குகிறது, மற்ற மூன்று அளவுகோலிலும் அதுதான் முன்னே.

ஏற்கெனவே அறிவியல் தெரியும், பயமும் இருக்கிறது, வழி ஏதாவது இருக்கிறதா என்று மட்டும் தெரிந்தால் போதும் என்றால் ராபின்சன். வட்டமாக உட்கார்ந்து படிப்பதற்கும் அதுவே வசதி, அத்தியாயங்கள் சின்னச் சின்னதாக இருப்பதால் ஆளுக்குப் பத்து என்று பிரித்துக்கொள்ளலாம், கரிம நாணயம் நடக்குமா நடக்காதா என்று ஒரு மாலை முழுக்கச் சண்டை போடலாம். விவசாயக் குடும்பத்திலிருந்து வருபவர், தடிமனான அறிவியல் நாவல்களுக்குப் பயப்படாதவர் என்றால் பாசிகலூப்பி, மேலே சொன்ன எச்சரிக்கையோடு. பாலார்ட் இரண்டாவதாகவோ மூன்றாவதாகவோ படிக்க வேண்டியவர்.

அமிதாவ் கோஷ் ஏன் இல்லை என்று கேட்பீர்கள். அவருடைய 'கன் ஐலண்ட்' 2019இல் வந்தது, சுந்தரவனத்தையும் வெனிஸையும் ஒரு வணிகன் கதையால் இணைக்கிறது, நல்ல நாவல், ஆனால் அறிவியல் புனைகதை என்று சொல்ல முடியாது. யதார்த்தவாத நாவல் காலநிலை மாற்றத்தை ஏன் எழுதத் தவறியது என்று அவர் 2016இல் 'தி கிரேட் டிரேஞ்ச்மென்ட்' என்று ஒரு முழுப் புத்தகமே எழுதினார். மேலே சொன்ன நான்கில் எதையாவது முடித்த பிறகு அதை எடுங்கள், அப்போது அந்த வாதம் இன்னும் கூர்மையாகப் படும்.

முதலாமாண்டு மாணவிக்கு பட்லரைக் கொடுத்தேன், என்னென்ன வரும் என்று முன்பே சொல்லித்தான் கொடுத்தேன். ஒன்பது நாளில் முடித்துவிட்டாள். திருப்பிக் கொடுக்க வந்தபோது கையில் ஒரு நோட்டு இருந்தது. லாரன் செடிகளைப் படித்து வைத்த மாதிரி, இவள் தன் அம்மாச்சியை அழைத்துக்கொண்டு ஊரில் வரப்பிலும் வேலியோரத்திலும் நடந்து, விதைக்காமலே முளைக்கும் கீரைகளின் பெயரையெல்லாம் எழுதி வாங்கியிருக்கிறாள். பண்ணைக்கீரை, தொய்யக்கீரை, மூக்கிரட்டை, கோவை இலை என்று இரண்டு பக்கம். அம்மாச்சிக்குப் பெயர் மறந்துபோன ஒரு கீரையை மட்டும் படமாக வரைந்து, பக்கத்தில் கேள்விக்குறி போட்டு வைத்திருந்தாள். எனக்கும் அது என்ன கீரை என்று தெரியவில்லை.